குரலை எழுதியவர்கள்: கிரியர்சனின் இசைத்தட்டிலிருந்து கணினி வரை

கைபேசியில் ஒரு நிமிடம் பேசிப் பதிந்த குரலைக் கணினி சில நொடிகளில் எழுத்தாக்கித் தருகிறது. அதற்கு முன்பே யாரோ சிலர் பல்லாயிரம் மணி நேரப் பேச்சைக் காதால் கேட்டுக் கையால் எழுதி வைத்திருந்ததால்தான் அது இயல்கிறது. ஒலியைப் பிடித்து வைக்கும் கருவி 1877இல் எடிசனின் ஃபோனோகிராஃப் வடிவில் வந்துவிட்டது. பிடித்த ஒலியை எழுத்தாக்கும் வேலையோ இன்றும் மனிதரை நம்பியே நிற்கிறது. இந்திய மொழிகளைப் பொறுத்தவரை இவ்வரலாற்றைக் கணினியிலிருந்து தொடங்குவது பாதிக் கதையாகவே முடியும்.

1898இல் ஜார்ஜ் ஆபிரகாம் கிரியர்சன் இந்திய மொழியியல் அளவாய்வின் கண்காணிப்பாளராகப் பொறுப்பேற்றார். 1903 முதல் 1928 வரை வெளிவந்த அதன் தொகுதிகள் 179 மொழிகளையும் 544 கிளைமொழிகளையும் பட்டியலிட்டன. சென்னை மாகாணமும் ஐதராபாத், மைசூர் அரசுகளும் இந்தக் கள ஆய்வில் இடம்பெறவில்லை. ஆய்வுமுறை எளிமையானது. விவிலியத்தின் ஊதாரி மைந்தன் உவமையை அந்தந்த வட்டாரப் பேச்சில் பெயர்த்து எழுதி அனுப்புமாறு மாவட்ட அதிகாரிகள் கேட்டுக்கொள்ளப்பட்டனர். அதனுடன் ஒரு சொற்பட்டியலும், அப்பகுதிக்கே உரிய கதையோ பாடலோ ஒன்றும் கோரப்பட்டன. பேசியவர் ஒருவர், எழுதியவர் மற்றொருவர், ஒப்பிட்டு ஆராய்ந்தவர் கடல் கடந்து இங்கிலாந்தில் அமர்ந்திருந்த கிரியர்சன். அவர் கைக்கு வந்து சேர்ந்த பெரும்பாலான பேச்சுகள் இடையில் இருந்தவர் எழுதிய தாள்களே.

அந்தக் குறையை ஈடுசெய்ய, 1910களிலும் 1920களிலும் அதே உவமையும் வேறு கதைகளும் பாடல்களும் கிராமஃபோன் தட்டுகளில் பதிவு செய்யப்பட்டன. நூறாண்டுக்கு முந்தைய அக்குரல்களை இன்று இணையத்தில் கேட்கலாம். அச்சிட்ட பாடத்தை அருகில் வைத்துக்கொண்டு தட்டைக் கேட்பவருக்குப் பேச்சுக்கும் எழுத்துக்கும் இடையே உள்ள தொலைவு புலப்படும். தயக்கமும் இழுப்பும் மூச்சும் தட்டில் இருக்கின்றன, தாளில் இல்லை.

இயந்திரத்தின் கதை 1952இல் தொடங்குகிறது. அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் உருவான ‘ஆட்ரி’ என்னும் கருவி, பழகிய ஒரே குரல் சொல்லும் எண்களை மட்டும் இனங்கண்டது. ஐபிஎம் நிறுவனம் 1962இல் காட்சிக்கு வைத்த ‘ஷூபாக்ஸ்’ 16 சொற்களை அறிந்தது. இத்தகைய முயற்சிகள் அறிவியலாகுமா என்று பெல் ஆய்வகத்தின் ஜான் பியர்ஸ் 1969இல் வெளிப்படையாகவே ஐயம் எழுப்பினார்.

அதே 1969இல் கார்னகி மெலன் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தவர் ராஜ் ரெட்டி. ஆந்திரத்தின் காட்டூரில் 1937இல் பிறந்து, கிண்டி பொறியியல் கல்லூரியில் பயின்று, ஸ்டான்ஃபோர்டில் ஜான் மெக்கார்த்தியின் மாணவராக 1966இல் முனைவர் பட்டம் பெற்றவர். தொடர்ச்சியாகப் பேசும் பேச்சைக் கணினி புரிந்துகொள்ள வேண்டும் என்பதே அவரது குழுவின் இலக்கு. அக்குழுவில் புரூஸ் லோவர் உருவாக்கிய ‘ஹார்ப்பி’ 1976இல் 1,011 சொற்களைக் கையாண்டது. அவர் மாணவர் காய்-ஃபூ லீ 1988 வாக்கில் உருவாக்கிய ‘ஸ்பிங்க்ஸ்’, பேசுபவர் யாராயினும் தொடர்பேச்சை அறியும் ஆற்றலைக் காட்டியது. இன்னொரு மாணவரான ஜேம்ஸ் பேக்கர் தொடங்கிய நிறுவனமே 1997இல் ‘டிராகன் நேச்சுரலி ஸ்பீக்கிங்’ என்னும் மென்பொருளை விற்பனைக்குக் கொண்டுவந்தது. ராஜ் ரெட்டிக்கு 1994இல் டியூரிங் விருது வழங்கப்பட்டது.

இந்த முன்னேற்றத்தின் அடியில் ஒரு கணித மாற்றம் இருந்தது. இலக்கண விதிகளையும் ஒலியியல் விதிகளையும் கணினிக்குக் கற்பிப்பதற்கு மாறாக, பேக்கரும் ஐபிஎம்மில் ஃபிரெட் ஜெலினெக்கின் குழுவினரும் நிகழ்தகவை நாடினர். கேட்ட ஒலிக்கு எந்தச் சொல்வரிசை மிகவும் பொருந்தக்கூடும் என்று கணினி கணக்கிடத் தொடங்கியது. அவ்வாறு கணக்கிட அதற்கு எடுத்துக்காட்டுகள் வேண்டும்: ஒலி ஒரு புறம், அதை மனிதர் எழுதிய வடிவம் மறுபுறம். அன்றிலிருந்து, எழுதப்பட்ட பேச்சு எந்த மொழியில் மிகுதியாக உள்ளதோ அம்மொழிக்கே கணினி முதலில் செவிசாய்த்தது. 2022இல் வெளியான ‘விஸ்பர்’ மாதிரி 6,80,000 மணி நேர ஒலியில் பயிற்சி பெற்றது. அதில் ஆங்கிலம் தவிர்த்த 96 மொழிகளின் பேச்சு, எல்லாம் சேர்த்து 1,17,000 மணி நேரமே.

இந்தச் சமனின்மையைக் குறைக்க இந்தியாவில் எடுக்கப்பட்ட முயற்சிகளுள் சென்னை ஐஐடியின் ‘ஏஐ4பாரத்’ குழு 2024இல் வெளியிட்ட ‘இண்டிக்வாய்சஸ்’ தொகுப்பு குறிப்பிடத்தக்கது. 145 மாவட்டங்களில், 22 மொழிகளில், 16,237 பேரிடம் 7,348 மணி நேரப் பேச்சு திரட்டப்பட்டது. தொகுப்பு வெளியானபோது அதில் எழுத்தாக்கம் பெற்றிருந்தது 1,639 மணி நேரம். ஒலியைத் திரட்டும் வேகத்துக்கு எழுதும் கை ஈடுகொடுக்க முடியாது என்பதை இவ்விரு எண்களும் சொல்லிவிடுகின்றன.

எழுதுபவர் முன் நிற்கும் கேள்விகளும் எளியவை அல்ல. தமிழை எடுத்துக்கொள்வோம். ஒருவர் “வந்துக்கிட்டு இருக்கேன்” என்கிறார். இன்னொருவர் “வந்துண்டிருக்கேன்” என்கிறார். இரண்டையும் “வந்துகொண்டிருக்கிறேன்” என்று திருத்தி எழுதினால் வாசிப்பது எளிது. ஆனால் பேசியவரின் ஊரும் சமூகமும் அவ்வெழுத்திலிருந்து நீங்கிவிடும். சொன்னபடியே எழுதினால் ஒரே வினைக்குப் பல வடிவங்கள் பெருகி, இயந்திரம் தடுமாறும். பலரது பேச்சில் ரகர, றகர வேறுபாடு கேட்பதில்லை. “கரி”யா “கறி”யா என்பதைச் சூழலே தீர்மானிக்க வேண்டும். சொற்களைச் சேர்த்து எழுதுவதா பிரித்து எழுதுவதா என்பதில் தமிழில் ஒருமித்த வழக்கு இல்லை. பிழையைச் சொல்லுக்குச் சொல் எண்ணும் அளவுகோலோ ஓர் இடைவெளி மாறினாலும் பிழை என்றே கொள்ளும்.

வேறு மொழிகளில் கேள்வி இன்னும் ஆழமானது. சந்தாலிக்கு ரகுநாத் முர்மு 1925 வாக்கில் வடிவமைத்த ஒல் சிக்கி எழுத்து உண்டு. தேவநாகரி, வங்காளம், ஒடியா எழுத்துகளிலும் அம்மொழி எழுதப்படுகிறது. கொங்கணி தேவநாகரி, ரோமன், கன்னடம் என இடத்துக்கு இடம் எழுத்து மாறுகிறது. அங்கே குரலை எழுத்தாக்குவது என்றால் முதலில் எவருடைய எழுத்தைத் தேர்வது என்று முடிவு செய்தாக வேண்டும்.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, பத்தாயிரம் பேருக்கு மேல் பேசும் 121 மொழிகளைப் பட்டியலிட்டது. எட்டாவது அட்டவணையில் இருப்பவை 22. கோடிக்கணக்கானோர் பேசும் போஜ்புரி அந்தக் கணக்கெடுப்பில் இந்தியின் கீழ் எண்ணப்பட்டது. அட்டவணையை அடிப்படையாகக் கொண்டு தரவு திரட்டும்போது, கணக்கெடுப்பில் தனிப்பெயர் பெறாத பேச்சு கணினியின் செவிக்கும் எட்டாமல் போகிறது. அல்லது பக்கத்துப் பெருமொழியாகத் திருத்தி எழுதப்படுகிறது.

2023 பிப்ரவரி 21 அன்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, தன் முன் நடந்த வாய்மொழி வாதங்களைக் கணினி வழியே உடனுக்குடன் எழுத்தாக்கத் தொடங்கியது. அது ஆங்கில வாதம். எழுத்தானதைச் சரிபார்க்க வழக்கறிஞர்கள் இருந்தனர். நாளை ஒரு கீழமை நீதிமன்றத்திலோ காவல் நிலையத்திலோ, எழுதப் படிக்க அறியாத ஒருவர் தம் வட்டார வழக்கில் சொல்லும் சாட்சியம் இவ்வாறே எழுத்தாகலாம். தாம் சொன்னதுதான் எழுதப்பட்டுள்ளதா என்று அவர் எவ்வாறு சரிபார்ப்பார்? கிரியர்சனின் காலத்தில் உவமையைச் சொன்னவருக்கும் அந்த வாய்ப்பு இருக்கவில்லை.

ஆதலால் குரலை எழுத்தாக்கும் எந்தக் கருவியோடும் மூலக் குரலும் பாதுகாக்கப்பட வேண்டும். கேட்டு எழுதியோர் எந்த நெறியைப் பின்பற்றினர் என்பதும் வெளிப்படையாகப் பதியப்பட வேண்டும். அத்துடன், எழுதப்பட்டதைப் பேசியவருக்கே வாசித்துக் காட்டி ஒப்புதல் பெறுவதும் நடைமுறையாக வேண்டும். கிரியர்சனின் தட்டுகள் இன்றும் பயன்படுவதற்குக் காரணம், தாளோடு குரலும் எஞ்சியிருப்பதே.