மத்தளம் பேசிய மொழி

வடக்கே மன்னாருக்கும் தெற்கே சிலாபம், நீர்கொழும்பு ஆகிய ஊர்களுக்கும் இடைப்பட்டது, கரைத்தீவை உள்ளடக்கிய புத்தளக் கரை. கத்தோலிக்கம் பரவிய இம்மேற்குக் கரை வழியே தமிழ்க் கூத்து தெற்கு நோக்கிச் சென்று, சிங்கள மக்களிடையே ‘நாடகம’ என்னும் வடிவம் பெற்றது என்பது ஆய்வாளர் பலர்க்கும் உடன்பாடான கருத்தாகும். கதை எங்கிருந்து வந்தது, மெட்டு எங்கிருந்து வந்தது என்று ஆராய்வோர், வேற்றுமொழி பேசும் மாணாக்கனுக்கு ஆசிரியன் ஆட்டத்தை எங்ஙனம் உணர்த்தினான் என வினவுவது அரிது. கரையோர மக்களுட் பலர் இருமொழி அறிந்தோர் என்பது மெய்யே. ஆயினும் ஆட்டத்தைப் பேச்சினால் மட்டும் கற்பித்தல் இயலுமோ?

மட்டக்களப்புக் கூத்துப் பயிற்சி இவ்வினாவுக்கு விடை தருகின்றது. அண்ணாவியார் தாளக்கட்டை முதலில் வாயாற் சொல்வார். பின்னர் அதே சொற்கட்டு மத்தளத்தில் ஒலிக்கும். மாணாக்கன் காலால் மறுமொழி கூறுவான். கால் பிழைத்தால் விளக்கவுரை தேவையில்லை. மத்தளம் அதே கட்டை மீண்டும் சொல்லும். மாதக்கணக்கில் இவ்வுரையாடல் நிகழ்ந்த பின்னரே மாணாக்கன் சதங்கை அணிவான். அரங்கேற்ற இரவிலும் அண்ணாவியார் திரைக்குப் பின்னே மறைவதில்லை. களரியிலேயே மத்தளத்துடன் நிற்பார். பார்வையாளர்க்கு அது பக்கவாத்தியம். ஆடுபவனுக்கோ ஆசிரியரின் குரல். பரதநாட்டிய அரங்கில் நட்டுவனாரின் தாளமும் இத்தகையதே.

இருபதாம் நூற்றாண்டில் இவ்வுறவு பல்கலைக்கழகத்தினுள்ளும் புகுந்தது. 1956இல் பேராசிரியர் சரச்சந்திர ‘மனமே’யை மேடையேற்றியபோது, சார்ள்ஸ் சில்வா குணசிங்க குருன்னான்சே என்னும் நாடகம ஆசானின் துணையை நாடினார். பேராதனையில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1962இல் ‘கர்ணன் போர்’ கூத்தை மேடையேற்றியபோது, மாணவரைப் பழக்கியவர் வந்தாறுமூலைச் செல்லையா அண்ணாவியார். பட்டப்படிப்பு மாணவர் கிராமத்துக் கலைஞர் முன் மாணாக்கராயினர். இஃது இந்நாட்டுக் கல்வி வரலாற்றில் உரிய அளவு பேசப்படாத செய்தி என்பேன்.

இதற்குக் கொடுத்த விலையும் உண்டு. விடிய விடிய ஆடிய கூத்து ஓரிரு மணி நேரத்துள் சுருங்கியது. வட்டக்களரி ஒருபுறம் நோக்கிய மேடையாயிற்று. அளந்து வைத்த நேரத்தில் தடுமாறும் காலுக்காக மத்தளம் காத்திருக்க இயலாது. கூத்துக்கு மதிப்புத் தேடித்தந்த அம்மாற்றத்தை நான் குறைகூறவில்லை. ஆனால் ஆசிரியன் அரங்கிலேயே திருத்தும் வாய்ப்பு அதனாற் குறுகியது.

வித்தியானந்தன் கூத்து ஏடுகள் சிலவற்றையும் பதிப்பித்தார். ‘அலங்காரரூபன் நாடகம்’ 1962இல் வெளிவந்தது. அவ்வேட்டைக் கொண்டு பாட்டையும் கதையையும் நாமே படித்தறியலாம். அடி வைக்கும் முறைக்கு இன்றும் அண்ணாவியாரிடமே செல்ல வேண்டியுள்ளது.