அருந்ததி தெரியாத வானம்

  கொஞ்சம் நீளமான பதிவு இது. வகுப்பில் மணி அடித்த பிறகும் ஐந்து நிமிடம் கூடுதலாக எடுப்பேனே, அதுபோல நினைத்துப் பொறுத்துக்கொள்ளுங்கள்.

வைகாசியில் சொந்தத்தில் ஒரு கல்யாணம். அம்மி மிதித்து முடிந்ததும் ஐயர் மேலே கை காட்டி, "அதோ அருந்ததி, நல்லா பார்த்துக்கோங்க" என்றார். மாப்பிள்ளையும் பெண்ணும் பார்த்தார்கள். என் மடியில் இருந்த பேத்தியும் அண்ணாந்து பார்த்துவிட்டு, "தாத்தா, அங்க ஃபேன்தானே இருக்கு?" என்று கேட்டாள். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்துக்கொண்டே, "பகல்ல தெரியாதும்மா, ராத்திரி நான் காட்டறேன்" என்று வாக்குக் கொடுத்துவிட்டேன்.

அன்று இரவு ஒன்பது மணிக்கு அவளை மொட்டைமாடிக்குக் கூட்டிப் போனேன். வைகாசியில் அந்த நேரத்துக்குச் சப்தரிஷி மண்டலம் வடக்கே நல்ல உயரத்தில் நிற்கும். அதன் வால் பகுதியில் மூன்று மீன்கள். நடுவில் இருப்பவர் வசிஷ்டர், அவரை ஒட்டினாற்போல் சிறிதாக இருப்பவள் அருந்ததி. வசிஷ்டர் ஏதோ தெரிந்தார். அருந்ததியைக் காணவில்லை. எனக்குக் கண்புரை அறுவை நடந்திருக்கிறது, அதனால்தானோ என்று நினைத்தேன். ஆனால் பேத்தியின் ஆறு வயதுக் கண்ணுக்கும் தெரியவில்லை. மேகமும் இல்லை. கீழே தெருவிலிருந்து வந்த வெள்ளை வெளிச்சத்தில் வானம் மோர் தெளித்ததுபோல் வெளுத்துக் கிடந்தது.

2012-இல் பத்தாம் வகுப்புப் படித்தவர்களுக்கு இதே மாடி நினைவிருக்கும். மணிக்கணக்காக மின்வெட்டு இருந்த காலம். பரீட்சைக்குப் படிக்க வந்தவர்கள் கரண்ட் போனதும் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு மாடியில் படுத்துக்கொள்வீர்கள். அன்று அருந்ததியைக் கண்டுபிடிக்க உங்களில் யாருக்கும் அரை நிமிடம்கூட ஆகவில்லை. பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளில் அவள் எங்கே போனாள்? நான் வரலாற்று வாத்தியார். எதையும் பின்னோக்கிப் போய்த்தான் எனக்குத் தேடத் தெரியும். அப்படித் தேடியதில் இந்தக் கதை சென்னை நுங்கம்பாக்கத்தில் போய் நின்றது.

1786-இல் வில்லியம் பெட்ரி என்ற கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி எழும்பூரில் தன் சொந்தச் செலவில் ஒரு வானாய்வகம் வைத்தார். கம்பெனி அதை எடுத்துக்கொண்டு 1792-இல் நுங்கம்பாக்கத்தில் கட்டடம் எழுப்பியது. கருவியைத் தாங்க அங்கே நிறுத்திய கருங்கல் தூண் இன்றும் வானிலை அலுவலக வளாகத்தில் இருக்கிறது. அதில் தமிழிலும் எழுத்துப் பொறித்திருக்கிறார்கள். 1844-இல் டெய்லர் என்ற வானியலாளர் 11,015 விண்மீன்களின் இடங்களைக் குறித்து ஒரு பட்டியல் வெளியிட்டார். நம்புவீர்களா? அத்தனையும் இன்றைய சென்னையின் நடுவில் உட்கார்ந்து செய்த வேலை.

1861-இல் அங்கே தலைமை ஏற்க வந்தவர் நார்மன் போக்சன். வந்த ஆண்டிலேயே ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். ஆசியாக் கண்டத்திலிருந்து கண்டுபிடிக்கப்பட்ட முதல் சிறுகோள் என்பதால் அதற்கு 'ஆசியா' என்றே பெயர். ஆனால் நம் கதைக்கு வேண்டியது, சென்னைக்கு வருவதற்கு முன் 1856-இல் அவர் செய்த இன்னொரு காரியம். பழங்கால கிரேக்கர்கள் விண்மீன்களை ஒளியை வைத்து ஆறு தரமாகப் பிரித்திருந்தார்கள். மிகப் பிரகாசமானவை முதல் தரம், கண்ணுக்குத் தட்டுத்தடுமாறித் தெரிபவை ஆறாம் தரம். போக்சன் அதற்குக் கணக்குப் போட்டுக் கொடுத்தார். முதல் தரம் ஆறாம் தரத்தைவிட 100 மடங்கு பிரகாசம் என்று வைத்துக்கொண்டால், ஒவ்வொரு படிக்கும் ஏறத்தாழ இரண்டரை மடங்கு வித்தியாசம். உலகம் முழுவதும் இன்றுவரை இந்த அளவுகோல்தான்.

இதை வைத்து அருந்ததியை அளந்து பாருங்கள். வசிஷ்டர் ஏறத்தாழ இரண்டாம் தரம். அருந்ததி நான்காம் தரம். அதாவது அவள் ஒளி அவர் ஒளியில் ஆறில் ஒரு பங்குதான். நல்ல இருட்டில் ஆறாம் தரம் வரை நம் கண் பார்க்கும். முழு வானத்தில் அப்படிப்பட்டவை ஏறத்தாழ 5,000 இருக்கின்றன. பெரிய நகரத்தின் நடுவிலோ மூன்றாம் தரத்தோடு பார்வை நின்றுவிடும். அந்தக் கணக்கில் முழு வானத்துக்கும் 200 விண்மீன்கூடத் தேறாது. அதிலும் ஒரு நேரத்தில் நம் தலைக்கு மேல் இருப்பது பாதிதான். சங்கப் பாடல்களில் வடமீன் என்று பெயர் பெற்றவள், இத்தனை நூற்றாண்டுகளாகக் கல்யாணத்தில் காட்டப்பட்டவள், மூன்றுக்கும் ஆறுக்கும் நடுவே மாட்டிக்கொண்டாள்.

போக்சனிடம் உதவியாளராக இருந்த ஒரு தமிழ்நாட்டுக்காரரை நீங்கள் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும். சிந்தாமணி ரகுநாதாச்சாரி. 1867-இல் தென்வானத்தில் ஒரு விண்மீனின் ஒளி கூடிக் குறைவதைக் கண்டுபிடித்தார். ரெட்டிகுலம் என்ற மண்டலத்தில் உள்ளது அது. 1872-இல் இங்கிலாந்தின் ராயல் வானியல் கழகம் அவரை உறுப்பினராக்கியது. 1874-இல் வெள்ளி, சூரியனைக் கடந்து போன நிகழ்வைப் பற்றி நம் நாட்டு மொழிகளிலும் மக்களுக்கு நூல் எழுதிக் கொடுத்தார்.

அந்த விண்மீன் எங்கே இருக்கிறது என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். சென்னையிலிருந்து பார்த்தால் அது தெற்கு அடிவானத்திலிருந்து 14 பாகைக்கு மேல் ஏறவே ஏறாது. கையை நீட்டி ஒரு சாண் பிடித்தால்கூட அதைவிட அதிகம். இன்று நுங்கம்பாக்கத்தில் நின்று தெற்கே பார்த்தால் அந்த உயரத்தில் கட்டடமும் விளம்பரப் பலகையும்தான். அவற்றைத் தாண்டினாலும் நகரத்தின் ஒளிமூட்டம் அடிவானத்தில்தான் மிகக் கனமாகப் படியும். மின்விளக்கு வராத சென்னையில் ரகுநாதாச்சாரிக்கு அந்தத் தொல்லை இல்லை.

பிறகு வானியல் மலையேறியது. 1876-78 பெரும் பஞ்சத்துக்குப் பின், சூரியனுக்கும் பருவமழைக்கும் தொடர்பு இருக்குமோ என்ற கேள்வி எழுந்தது. அதற்காகவே கொடைக்கானலில் சூரிய ஆய்வகம் அமைந்து, 1899-இல் சென்னையின் வானியல் பணி அங்கே போனது. இதில் வெளிச்சத்தின் மேல் பழி போட முடியாது. ஆனால் அடுத்த மாற்றத்தில் வெளிச்சத்துக்கும் பங்கு உண்டு. 1960-இல் கொடைக்கானலின் இயக்குநரான வேணு பாப்பு, இரவு வானத்தைப் பார்க்க வேறு இடம் தேடினார். தெளிந்த இரவுகள் வேண்டும், தென்வானமும் தெரிய வேண்டும், நகர வெளிச்சமும் தொழிற்சாலைப் புகையும் எட்டக் கூடாது. அவர் தேர்ந்தெடுத்தது எது தெரியுமா? நம் ஜவ்வாது மலையில் இருக்கும் காவலூர்!

1968-இல் 38 சென்டிமீட்டர் தொலைநோக்கியோடு அங்கே வேலை தொடங்கியது. 1972-இல் ஒரு மீட்டர் தொலைநோக்கி வந்தது. 1977 மார்ச் 10 அன்று யுரேனஸ் ஒரு விண்மீனை மறைத்தபோது அதன் வளையங்கள் வெளிப்பட்டன அல்லவா? அதே இரவில் காவலூரும் அந்த ஒளிக்குறைவைப் பதிவு செய்தது. 1986-இல் 2.34 மீட்டர் தொலைநோக்கி திறக்கப்பட்டு, நான்கு ஆண்டுகளுக்கு முன் மறைந்த வேணு பாப்புவின் பெயரைப் பெற்றது. 1988-இல் ராஜமோகன் அங்கே கண்டுபிடித்த சிறுகோளுக்கு ராமானுஜன் என்று பெயர். போக்சன் சென்னையில் தன் கடைசிச் சிறுகோளைக் கண்டது 1885-இல். இரண்டுக்கும் நடுவே 103 ஆண்டுகள்.

உங்களில் பலரைச் சனிக்கிழமைகளில் காவலூருக்கு அழைத்துப் போயிருக்கிறேன். போன ஆண்டு மறுபடி போனேன். அங்கிருந்து பார்த்தபோது அடிவானத்தில் வரிசையாக வெளிச்சத் திட்டுகள். அதில் ஒன்று நம் ஊர் இருக்கும் திசை. வெளிச்சம் எட்டாத இடம் என்று தேடி வந்த ஆய்வகத்துக்கு, அடிவாரத்தில் இருக்கும் நாமே வெளிச்சம் அனுப்பிக்கொண்டிருக்கிறோம். எனக்கு வெட்கமாக இருந்தது.

விளக்கே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பெண்பிள்ளைகள் இரவில் தெருவில் நடக்க வெளிச்சம் வேண்டும். தெருவில் விழும் வெளிச்சத்தால் பெரிய கெடுதல் இல்லை. பக்கவாட்டிலும் மேலேயும் போவதுதான் காற்றிலும் தூசியிலும் பட்டுச் சிதறி வானத்தை வெளுக்க வைக்கிறது. நீல ஒளி அதிகம் சிதறும்; பகல் வானம் நீலமாக இருப்பதும் அதனால்தான். பழைய மஞ்சள் சோடியம் விளக்கைவிட, இப்போது வந்திருக்கும் வெள்ளை எல்.இ.டி. விளக்கில் நீலம் கூடுதல். மின்சாரம் மிச்சமாகிறதே என்று இன்னும் நான்கு விளக்கு போட்டுவிடுகிறோம்.

லடாக்கில் 4,500 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஹான்லேயில் நம் நாட்டின் இன்னொரு தொலைநோக்கி இருக்கிறது. அங்கே 2022-இல் இருண்ட வானக் காப்பகம் அறிவித்தார்கள். அந்தக் கிராமத்து மக்கள் வெளிச்சம் வெளியே போகாதபடி விளக்கை மறைத்தும் குறைத்தும் வாழ்கிறார்கள். நட்சத்திரம் பார்க்க வருகிறவர்களால் அவர்களுக்கு வருமானமும் கிடைக்கிறது. கட்டுப்பாடு என்றால் இழப்பு என்று அர்த்தமில்லை.

நான் செய்தது சின்னக் காரியம். கேட்டுக்கு மேல் இருந்த விளக்குக்குத் தகரத்தில் மூடி அடித்து, ஒளி கீழே மட்டும் விழும்படி செய்தேன். வெள்ளை பல்பை மாற்றி மஞ்சள் போட்டேன். எதிர்வீட்டுத் தம்பியிடம் சொன்னேன். பத்து மணிக்கு மேல் மாடி விளக்கை அணைக்க ஒத்துக்கொண்டார். இதனால் மட்டும் அருந்ததி திரும்பி வரவில்லை. ஆனால் பால்வீதியை ஒரு தடவைகூடப் பார்க்காத பிள்ளைகளை வளர்த்துவிட்டு, பிறகு வருத்தப்பட்டுப் பயனில்லை. உங்களில் நான்கைந்து பேர் ஊராட்சியிலும் நகராட்சியிலும் பொறுப்பில் இருக்கிறீர்கள். இரண்டு பேர் கல்யாண மண்டபமே வைத்திருக்கிறீர்கள். வானத்தைப் பார்த்து நிற்கும் ஃபோகஸ் விளக்குகளைத் தரையைப் பார்த்துத் திருப்பினாலே போதும், செலவும் கிடையாது. வாத்தியார் கேட்கிறேன் என்று செய்யுங்கள்.

பேத்திக்குக் கொடுத்த வாக்கு இன்னும் பாக்கி. அடுத்த சித்திரையில் அவளைக் காவலூருக்கு அழைத்துப் போகிறேன். அதற்குள் நீங்களும் ஒருநாள், நிலா இல்லாத இரவாகப் பார்த்து, வசிஷ்டரைத் தேடிப் பாருங்கள். சென்னையோ, பெங்களூரோ, துபாயோ, உங்கள் ஊரில் அருந்ததி தெரிகிறாளா இல்லையா என்று எனக்கு எழுதுங்கள். இதை வீட்டுப்பாடமாக வைத்துக்கொள்ளுங்கள்.

அன்புடன்,
உங்கள் பழைய வரலாற்று ஆசிரியர்