குழந்தை சொன்னதை அப்படியே எழுதிய பள்ளி

1924இல் இங்கிலாந்தின் ‘நியூ ஸ்டேட்ஸ்மன்’, ‘நேச்சர்’ முதலிய இதழ்களில் ஒரு வேலை விளம்பரம் வந்தது. இரண்டரை வயது முதல் ஏழு வயது வரையுள்ள சில குழந்தைகளுக்குக் கல்வி தர, உயர் சிறப்புடன் பட்டம் பெற்ற பெண் ஒருவர் வேண்டும். அதை ஓர் அறிவியல் ஆய்வாகவே நடத்த வேண்டும். ஆசிரியர் வேலை தங்கள் தகுதிக்குக் குறைவானது என்று நினைத்து வேறு தொழிலுக்குப் போய்விட்டவர்களும் எழுதலாம். சம்பளம் தாராளம்.

பாலர் வகுப்பு நடத்த முதல் வகுப்புப் பட்டதாரி வேண்டும் என்று யார் கேட்பார்கள் அந்தக் காலத்தில்? கேட்டவர் ஜெஃப்ரி பைக். முதல் உலகப் போரின்போது பொய்யான கடவுச்சீட்டோடு பெர்லினுக்குள் நுழைந்த பத்திரிகைக்காரர். பிடிபட்டு, ரூலேபென் முகாமில் அடைபட்டு, 1915இல் அங்கிருந்து தப்பி வந்தவர். யூதப் பிள்ளை என்பதால் தம் பள்ளி நாட்களைக் கொடுமையாக அனுபவித்தவர். 1921இல் பிறந்த மகன் டேவிட்டுக்கு அது நேரக்கூடாது என்று தீர்மானித்தார். ஊரில் உள்ள பள்ளிகள் எதுவும் பிடிக்கவில்லை. உலோகச் சந்தையில் முன்பேர வணிகம் செய்து கையில் பணம் புரண்டுகொண்டிருந்த நேரம் அது. பள்ளியைத் தாமே தொடங்கிவிட்டார்.

வேலைக்கு வந்தவர் சூசன் ஐசக்ஸ். 1885இல் லங்காஷயரில் பிறந்தவர். ஆறு வயதில் தாயை இழந்தார். கடவுள் நம்பிக்கை போய்விட்டது என்று பதின்ம வயதில் சொன்னதற்காக அப்பா பள்ளியைவிட்டே நிறுத்திவிட்டார். பிறகு பாலர் ஆசிரியர் பயிற்சிக்கு என்று மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் நுழைந்து, அங்கிருந்து தத்துவத்துக்குத் தாவி, 1912இல் முதல் வகுப்பில் தேறினார். உளப்பகுப்பாய்விலும் பயிற்சி பெற்றார். கேட்டதற்காகத் தண்டிக்கப்பட்ட பெண் ஒருத்தி, குழந்தை கேட்கிற எதையும் தடுக்காத பள்ளியை நடத்த வந்தாள் என்பதை நான் தற்செயலாக நினைக்கவில்லை.

கேம்பிரிட்ஜில் ஆற்றோரம் இருந்த ‘மால்டிங் ஹவுஸ்’ என்ற வீட்டில் 1924 அக்டோபரில் பள்ளி திறந்தது. முதலில் பத்துப் பையன்கள். மூத்தவனுக்கு ஐந்து வயது முடியவில்லை, இளையவனுக்கு மூன்று ஆகவில்லை. பெரும்பாலோர் பல்கலைக்கழக ஆசிரியர்களின் பிள்ளைகள். அடக்க முடியாதவர்கள் என்று பேர் வாங்கி வந்தவர்களும் உண்டு. பாடத்திட்டம் கிடையாது. தோட்டத்தில் குழாய் வைத்த மணல்குழி, எடைகளைத் தொங்கவிடக் கொக்கி வைத்த ஏற்றப் பலகை, நிஜ ரம்பம், கடைசல் எந்திரம், பன்சன் அடுப்பு, தட்டச்சுப் பொறி, செத்த உயிர்களை அறுத்துப் பார்க்கும் கருவிகள். எலி, முயல், கோழி, பாம்பு, பட்டுப்புழு. ஒரு பிள்ளை கேள்வி கேட்டால் பெரியவர் உடனே விடை சொல்லிவிடக் கூடாது. பார்த்துக் கண்டுபிடிப்போம் என்று கூடவே கிளம்ப வேண்டும்.

இந்த வசதிகளைப் பற்றித்தான் அன்றும் இன்றும் பலர் பேசுகிறார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. அந்தப் பள்ளியில் ஆசிரியர்கள் எழுதிக்கொண்டே இருந்தார்கள். பிள்ளைகள் சொன்னதை, செய்ததை, அப்போதைக்கப்போது, அவர்கள் வாயில் வந்தபடியே. பின்னர் பைக் சுருக்கெழுத்தர்களையும் அமர்த்தினார். மழலையர் பள்ளிகளில் இன்று உலகெங்கும் எழுதப்படும் கவனிப்புக் குறிப்பு, ஒரு வேலையாக, ஒரு கடமையாக உருவெடுத்த இடங்களில் முக்கியமான ஒன்று இது.

குழந்தையைப் பார்த்துக் குறிப்பெழுதுவது அதற்கு முன்பு இல்லாமலில்லை. டார்வின் தம் மூத்த மகன் 1839இல் பிறந்தபோது தொடங்கிய குறிப்புகளை 1877இல் ‘மைண்ட்’ இதழில் கட்டுரையாக்கினார். ஜெர்மனியில் உடலியல் பேராசிரியர் பிரேயர் தம் மகனைத் தினமும் மூன்று வேளை கவனித்து 1882இல் ஒரு பெரிய நூல் எழுதினார். அவையெல்லாம் அப்பாக்களின் நாட்குறிப்புகள்: வீட்டில், தனியாக வளர்கிற ஒரு குழந்தை; எப்போது சிரித்தது, எப்போது பயந்தது. மால்டிங் ஹவுஸில் எழுதியவர் ஆசிரியர். எதிரே ஒரு கூட்டமே இருந்தது. ஒருவன் சொல்வதை இன்னொருவன் மறுக்கிறான், மூன்றாமவன் அப்பா சொன்னதைக் கொண்டுவருகிறான். அந்தச் சண்டைக்குள்ளேதான் யோசனை நடக்கிறது.

1925 ஜூலையில் பள்ளியின் முயல் ஒன்று செத்துப்போனது. அன்றைய குறிப்பு சூசன் ஐசக்ஸின் நூலில் இருக்கிறது. முயலை முதலில் பார்த்த பையன், வயிறு மேலும் கீழும் அசையவில்லை, ஆகவே செத்துவிட்டது என்கிறான். இன்னொருவன், தண்ணீரில் போட்டால் மறுபடி உயிர் வரும் என்று தன் அப்பா சொன்னதாகச் சொல்கிறான். அப்படிச் செய்து பார்ப்போமா என்கிறார் ஆசிரியர். தொட்டியில் போடுகிறார்கள். மிதந்தால் செத்தது, மூழ்கினால் உயிரோடிருக்கிறது என்று ஒருவன் விதி வகுக்கிறான். முயல் மிதக்கிறது, ஆனால் நீரோட்டத்தில் மெல்லச் சுற்றுகிறது. அசைகிறதே, உயிர் இருக்கிறது என்கிறான் வேறொருவன். ஆசிரியர் வாதாடவில்லை. ஒரு சிறு குச்சியை எடுத்துத் தொட்டியில் போடுகிறார். குச்சியும் சுற்றுகிறது. குச்சிக்கு உயிர் இல்லை என்பதை எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். பிறகு முயலைப் புதைக்கிறார்கள்.

அதோடு முடியவில்லை. மறுநாள், அது இன்னும் அங்கே இருக்கிறதா, வானத்துக்குப் போய்விட்டதா என்ற பேச்சு வருகிறது. தோண்டுகிறார்கள், அலுத்து ஓடிவிடுகிறார்கள், திரும்பி வந்து மறுபடி தோண்டுகிறார்கள். போய்விட்டது, வானத்தில் இருக்கிறது, விடு என்று ஒருவன் கைவிடுகிறான். இருக்கிறதா பார்ப்போம் என்று ஆசிரியரும் சேர்ந்து தோண்டுகிறார். முயல் கிடைக்கிறது. இன்னும் அங்கேயே இருப்பதைப் பிள்ளைகள் ஆர்வத்தோடு பார்க்கிறார்கள்.

இதை ஒரு மதிப்பெண் அட்டையில் எப்படி எழுதுவீர்கள்? ‘உயிருள்ளவை, உயிரற்றவை: நன்று’ என்றா? அப்படி எழுதினால் குச்சி காணாமல் போகிறது; அப்பா சொன்னதைச் சோதித்துப் பார்க்கலாம் என்று ஒரு சிறுவன் கண்டது காணாமல் போகிறது; அலுத்து ஓடிப்போய்த் திரும்பி வந்ததும் காணாமல் போகிறது. ஐசக்ஸின் குறிப்பில் எல்லாம் இருக்கின்றன. இன்னொன்றும் இருக்கிறது: அவரே இருக்கிறார். ‘திருமதி ஐ. சொன்னார்’, ‘திருமதி ஐ. செய்தார்’ என்று தம் சொல்லையும் செயலையும் பிள்ளைகளுடையதோடு சேர்த்தே பதிவு செய்தார். பெரியவர் என்ன சொன்னார் என்று தெரியாமல் குழந்தை ஏன் அப்படிச் சொன்னது என்று எப்படிப் புரியும்? இன்று பல பள்ளிகளில் எழுதப்படும் குறிப்புகளில் ஆசிரியர் மறைந்துபோய்விடுகிறார் என்பது என் பெரிய வருத்தம்.

இந்தக் குறிப்புகளின் பலம் 1927இல் குழந்தை உளவியலாளர் ழான் பியாஜே பள்ளியைப் பார்க்க வந்தபோது தெரிந்தது. ஜெனீவாவில் பிள்ளைகளிடம் சைக்கிள் எப்படி ஓடுகிறது என்று கேட்டு, இயந்திரத்தின் காரண காரியம் சுமார் எட்டு வயதில்தான் பிடிபடுகிறது என்று முடிவுக்கு வந்திருந்தார் பியாஜே. அதை அவர் சொல்லிக்கொண்டிருந்த நேரத்தில், ஆறு வயது நிரம்பாத ஒரு பையன் தோட்டத்தில் மூன்று சக்கர சைக்கிளில் உட்கார்ந்து பின்னோக்கி மிதித்துக்கொண்டிருந்தான். வண்டி முன்னே போகவில்லையே என்று கேட்டார் ஐசக்ஸ். பின்னால் மிதித்தால் எப்படிப் போகும் என்றான். அப்படியானால் முன்னே எப்படிப் போகிறது? பாதம் பெடலை அழுத்துகிறது, பெடல் பல்சக்கரத்தைத் திருப்புகிறது, அது செயினை இழுக்கிறது, செயின் சக்கரத்தைச் சுழற்றுகிறது என்று கையால் சுட்டிக்காட்டிச் சொல்லிவிட்டான்.

பியாஜேவின் பெரும் பங்களிப்பை இது ஒன்றும் குறைத்துவிடவில்லை. ஆனால் ஐசக்ஸின் வாதம் வலுவானது. முன்பின் தெரியாத ஒருவர் எதிரே உட்கார்ந்து கேட்கும் கேள்விக்குக் குழந்தை தரும் பதிலும், தன் காலடியில் இருக்கும் வண்டியைப் பற்றித் தரும் பதிலும் ஒன்றல்ல. குழந்தை நேற்று வானத்துக்குப் போன முயலைப் பற்றிப் பேசியிருக்கும், இன்று பல்சக்கரத்தை விளக்கும். இரண்டும் ஒரே தலைக்குள். நாள்தோறும் எழுதிவைத்தவருக்குத்தான் அது தெரியும்.

அந்தப் பதிவுகளில் இனிய காட்சிகள் மட்டும் இல்லை. துப்பியது, கடித்தது, ஒருவனை எல்லோரும் சேர்ந்து ஒதுக்கியது, மலம் சிறுநீர் பற்றிய பேச்சு, இன்னாரைக் கொல்லப் போகிறேன் என்ற மிரட்டல், எல்லாம் இருக்கின்றன. 1930இல் பிள்ளைகளின் அறிவு வளர்ச்சி பற்றிய நூலை வெளியிட்டபோது பாராட்டு குவிந்தது. 1933இல் சமூக வளர்ச்சி பற்றிய நூலில் இந்த மற்ற பக்கத்தை அச்சிட்டபோது பலர் முகம் சுளித்தார்கள். தமக்குப் பிடித்த நடத்தையை மட்டும் பொறுக்கியெடுக்க அவர் மறுத்தார். சிறு பிள்ளைகள் செய்வதும் உணர்வதும் எல்லாமே ஆர்வத்துக்குரியவை என்பது அவர் நிலை. எழுதிவைத்ததால் தம் முறையையே மாற்றவும் அவரால் முடிந்தது. பிள்ளைகளை அவர்கள் போக்கில் விட்டபோது பலமுள்ளவன் பலமில்லாதவனை வாட்டுவது பதிவில் தெரிந்தது. அதன்பின் பெரியவர்கள் கூடுதலாகத் தலையிட்டார்கள்.

பள்ளி நீடிக்கவில்லை. 1927இல் பைக்கின் உலோக வணிகம் நொறுங்கியது. அந்த ஆண்டு இறுதியில் ஐசக்ஸ் விலகினார். 1929இல் பள்ளி மூடப்பட்டது. மிஞ்சியவை குறிப்புகள்தாம். ஐந்தாண்டுகூட முழுதாக நடக்காத, சில பிள்ளைகளே படித்த ஒரு பள்ளி அந்தக் காகிதங்களால்தான் உயிர் பெற்றிருக்கிறது.

பள்ளி மூடிய அதே 1929இலிருந்து ஐசக்ஸ் ‘உர்சுலா வைஸ்’ என்ற புனைபெயரில் ‘நர்சரி வேர்ல்ட்’ இதழில் தாய்மாரின் கடிதங்களுக்குப் பதில் எழுதினார். வீட்டில் நடந்ததை அவர்கள் விரிவாக எழுதினார்கள். அந்தக் கடிதங்களும் அவருடைய ஆய்வுக்குச் சான்றாயின. 1933இல் லண்டன் கல்வி நிறுவனத்தில் குழந்தை வளர்ச்சித் துறையைத் தொடங்கித் தலைமையேற்றார். அனுபவமுள்ள ஆசிரியர்களே அங்கே மாணவர்கள். குழந்தையை உட்கார்ந்து பார்த்து எழுதும் பழக்கம் அவர்கள் வழியாகப் பள்ளிகளுக்குப் போனது. 1948இல் ஐசக்ஸ் இறந்தார். பைக்கும் அதே ஆண்டில்தான் மறைந்தார்.

1937இல் ஐசக்ஸ் ஆஸ்திரேலியாவுக்கும் நியூசிலாந்துக்கும் சென்று உரையாற்றியிருந்தார். அந்த நியூசிலாந்தில்தான் 1990களில் வைக்காட்டோ பல்கலைக்கழகத்தின் மார்கரெட் கார் ‘கற்றல் கதை’ என்ற முறையை உருவாக்கினார். 1996இல் வெளியான தேசிய மழலையர் பாடத்திட்டமான ‘தே ஃபாரிக்கி’யை எழுதியவர்களில் அவரும் ஒருவர். என்னென்ன தெரியும் என்று கட்டங்களில் டிக் போடும் பட்டியலுக்கு மாற்றாக, நடந்த ஒன்றை ஆசிரியர் கதையாக எழுதுகிறார். பெரும்பாலும் குழந்தையிடமே நேரில் பேசுவதுபோல, ‘நீ’ என்று. படங்களோடு அது குழந்தையின் கோப்பில் சேர்கிறது, வீட்டுக்குப் போகிறது, பாட்டி தாத்தா படிக்கிறார்கள், குழந்தையே புரட்டிப் பார்க்கிறது. மால்டிங் ஹவுஸ் குறிப்புகளை அந்தப் பிள்ளைகள் பார்த்திருக்க வழியில்லை. இந்த மாற்றத்தை நான் மனதார வரவேற்கிறேன்.

ஆனால் அம்மா அப்பா படிக்கப் போகிறார்கள் என்பதால் ஆசிரியரின் கை நல்லதை மட்டுமே தேடும் ஆபத்தும் கூடவே வருகிறது. கட்டையை அடுக்கியது கதையாகும், அடுத்தவன் கட்டையைத் தட்டிவிட்டது ஆகாது. தட்டிவிட்டவன் சிறிது நேரம் கழித்துத் திரும்பி வந்து என்ன செய்தான் என்பதும் அதோடு எழுதப்படாமல் போகும். அந்தப் பக்கத்தையும், வீட்டுக்கு அனுப்பாவிட்டாலும், ஆசிரியர் தமக்காவது எழுதிவைத்துக்கொள்ள வேண்டும் என்று நான் கேட்பேன்.