ஆமணக்கு விதைத்த கோட்டை
(வத்தலக்குண்டு போகும் வழி – 7)

கோபால நாயக்கரைத் திண்டுக்கல்லில் தூக்கிலேற்றியதோடு சென்ற வாரம் நிறுத்தினோம். அது 1801 செப்டம்பர். அதற்கடுத்த மாதமே இன்னொருவர் இந்தச் சீமைக்குள் வருகிறார். அவருக்குப் பேச்சு வராது. ஆனால் கையை அசைத்தால் போதும், உயிரைக் கொடுக்க ஆள் ஓடிவரும். வைத்த பெயர் குமாரசாமி. ஊமைத்துரை என்றால்தான் உங்களுக்குத் தெரியும். கட்டபொம்மனின் தம்பி.

சின்னாளப்பட்டித் தறிக்குழியில் உட்கார்ந்து இந்தத் தொடரைப் படிப்பவருக்கு வத்தலக்குண்டு பக்கத்து ஊர். சந்தைக்கும் சம்பந்தி வீட்டுக்கும் போய்வருகிற ஊர். கும்பினிப் படை, அதாவது கிழக்கிந்தியக் கம்பெனிப் படை, ஊமைத்துரையைப் பிடித்தது அங்கேதான். தெற்குச் சீமைக்காரர் ஓடி ஒளிய நம் மலையடிவாரத்தை ஏன் தேடி வந்தார்? அது தெரிய வேண்டுமானால் இந்த வாரம் மதுரை தாண்டி, கோவில்பட்டி தாண்டி, ஒட்டப்பிடாரத்துக் கரிசல் காட்டுக்குப் போக வேண்டும்.

இன்று பாஞ்சாலங்குறிச்சிக்குப் போகிறவர் கண்ணில் முதலில் படுவது 1974இல் தமிழ்நாடு அரசு கட்டிய நினைவுக் கோட்டை. உள்ளே மண்டபம், சுவரெல்லாம் போர்க்காட்சி ஓவியங்கள். பள்ளிப் பிள்ளைகள் பேருந்து பேருந்தாக வந்து பார்த்துவிட்டுப் போகிறார்கள். நல்ல காரியம்தான், குறை சொல்ல மாட்டேன். ஆனால் கட்டபொம்மன் அந்தக் கோட்டைக்குள் காலெடுத்து வைத்ததில்லை. அவர் வாழ்ந்த கோட்டையின் மிச்சம் வேறு. தொல்லியல் துறையின் பாதுகாப்பில் தரையோடு தரையாகக் கிடக்கும் அடித்தளங்கள்தான் அது. பக்கத்தில் வீரசக்கதேவி கோயில். சுற்றுவட்டாரத்திலேயே, இங்கே செத்த வெள்ளைக்காரச் சிப்பாய்களின் கல்லறைகள்.

வந்தவர்களில் பலர் கல்லறைப் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. எதிரியின் கல்லறையில் நமக்கென்ன வேலை என்று நினைப்பார்கள் போலும். என்னைக் கேட்டால், அங்கே முதலில் பார்க்க வேண்டியதே அதுதான். அவர்கள் எப்படிச் செத்தார்கள் என்று கேட்டால்தானே கோட்டைக்குள் இருந்தவர்கள் எப்படி நின்றார்கள் என்பது தெரியும்!

1799 அக்டோபர் 16. கயத்தாறில் கட்டபொம்மன் தூக்கிலேறினார். தம்பியைப் பாளையங்கோட்டைச் சிறையில் போட்டார்கள். கோட்டை இடிக்கப்பட்டது. கதை முடிந்தது என்று கும்பினி கணக்கை மூடியது.

முடியவில்லை. சிறைக்குள் அம்மை கண்டது. நோயாளிகள் என்று இரக்கப்பட்டு விலங்குகளைக் கழற்றினார்கள். 1801 பிப்ரவரி 2ஆம் தேதி இரவு, மேஜர் மெக்காலே வீட்டில் துரைமார்கள் விருந்தில் உட்கார்ந்திருந்தார்கள். அந்த நேரத்தில் காவலை அடித்து வீழ்த்திவிட்டுக் கைதிகள் கிளம்பினார்கள். விடிவதற்குள் ஊர் போய்ச் சேர்ந்தார்கள். (இந்த காலின் மெக்காலே வேறு யாருமில்லை, பின்னால் நமக்கெல்லாம் ஆங்கிலப் படிப்பு கொண்டுவந்தாரே மெக்காலே, அவருடைய பெரியப்பா.)

ஒரு வாரத்தில் படையோடு துரத்திவந்த மெக்காலேவுக்குத் தூக்கிவாரிப் போட்டது. இடித்துத் தரைமட்டமாக்கிய இடத்தில் கோட்டை மறுபடி நிற்கிறது! முழுக்க மண். அந்த மண்ணைப் பார்த்துச் சிரித்தவர்கள் மார்ச் 31ஆம் தேதி சிரிப்பை நிறுத்தினார்கள்.

அன்றைய தாக்குதலில் இருந்த ஜேம்ஸ் வெல்ஷ் என்ற இளம் அதிகாரி, 1830இல் வெளியிட்ட தன் நினைவுக் குறிப்புகளில் அந்த மண்கோட்டையின் சூட்சுமத்தைச் சொல்கிறார். பீரங்கியால் சுவரில் உடைப்பு எடுத்தாயிற்று. முள்வேலியையும் தாண்டியாயிற்று. சிப்பாய்கள் உடைப்பின் உச்சிக்கு ஏறிவிட்டார்கள். ஏறியவர் எவரும் உள்ளே இறங்கவில்லை. ஏன்? கொத்தளத்தின் உட்புறம் குடைந்து பள்ளமாக இருந்தது. பள்ளத்தில் நின்றவர்கள் மூன்று ஆள் உயர ஈட்டிகளை மேல்நோக்கிக் குத்திக்கொண்டே இருந்தார்கள். மேலே தலை காட்டியவன் சரிந்தான். அடுத்தவன் ஏறினான், அவனும் சரிந்தான். பள்ளத்துக்குள் துப்பாக்கி சுட வழியில்லை, குதிக்கவும் வழியில்லை. முன்னணியில் போன வெள்ளைக்காரர்களில் பாதிக்கு மேல் செத்தோ காயம்பட்டோ விழ, மெக்காலே பின்வாங்கினார்.

கல்லறைகள் வந்த கதை இது. 1799 செப்டம்பரில் கோட்டை வாசலில் விழுந்தவர்கள், 1801இல் இரண்டு தாக்குதல்களில் விழுந்தவர்கள் என்று இந்தக் கரிசல் மண் கும்பினிக்குப் பெரிய செலவு வைத்தது.

வெல்ஷ் இன்னொன்றும் சொல்கிறார். ஊமைத்துரை எப்படிக் கட்டளையிடுவார் தெரியுமா? சிறு சிறு வைக்கோல் துண்டுகளைப் பொறுக்கி இடது உள்ளங்கையில் வரிசையாக அடுக்குவார். அது இங்கிலீஷ் படை. பிறகு வலது கையால் ஒரே வழியாக வழித்துத் தள்ளி, வாயால் ஒரு சீற்றம். தாக்கு என்று அர்த்தம். எதிரி முகாமில் இருந்தவர் எழுதிவைத்ததால் இது நமக்குக் கிடைத்தது.

மே மாதம் கர்னல் அக்னியூ வந்தார். மலபாரிலிருந்தெல்லாம் படை வந்தது, பெரிய பீரங்கிகள் வந்தன. மே 24ஆம் தேதி கோட்டை விழுந்தது. அதன்பின் செய்ததுதான் விசேஷம். கோட்டையை இடித்ததோடு விடாமல் ஏர்பூட்டி உழுதார்கள், ஆமணக்கு விதைத்தார்கள். பாஞ்சாலங்குறிச்சி என்ற பெயரே இனி எந்தக் கணக்கிலும் இருக்கக் கூடாது என்று ஆவணங்களிலிருந்து நீக்கினார்கள்.

உழுதவர்கள் ஒன்றை மறந்தார்கள். தங்கள் கல்லறைகளை விட்டுவிட்டார்கள். ஊரே இல்லை என்று சாதித்தவர்கள், ஊர் இருந்த இடத்துக்குத் தாங்களே கல் நட்டு அடையாளம் வைத்துவிட்டுப் போனார்கள்.

செத்தவர்கள் மூன்று வகை என்பதையும் சொல்ல வேண்டும். வெள்ளைக்காரருக்குக் கல்லறை. கோட்டைக்குள் செத்தவர்களுக்கு ஆமணக்குக் காடு. கும்பினிச் சட்டை போட்டுக்கொண்டு சம்பளத்துக்குச் செத்த நம்மூர்ச் சிப்பாய்களுக்கு? அவர்களைப் பாட்டிலும் பாட மாட்டார்கள், கல்லிலும் வெட்ட மாட்டார்கள். சென்னை நந்தம்பாக்கத்தில் இரண்டாம் உலகப் போர்க் கல்லறைத் தோட்டம் இருக்கிறது. அங்கே அதிகாரிக்கும் சாதாரணச் சிப்பாய்க்கும் ஒரே அளவுக் கல்தான். அந்தச் சமத்துவம் முதல் உலகப் போரின்போது வந்த விதி. 1801இல் அப்படி யாரும் யோசிக்கவில்லை.

கயத்தாறில் ஜனங்கள் வேறு வழி கண்டார்கள். கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட இடத்தைக் கடந்து போனவர்கள் ஆளுக்கொரு கல் போட்டு, அது குவியலாக வளர்ந்தது என்பார்கள். பின்னாளில் அங்கே நிலத்தை வாங்கிச் சிலை வைத்தவர் சிவாஜி கணேசன். பாஞ்சாலங்குறிச்சியிலோ வீரசக்கதேவி கோயில் திருவிழாவுக்கு ஊர் ஊராக ஜோதி ஏந்தி ஓடிவருகிறார்கள். ஆக, நினைவுக்குக் குறைவில்லை. குறை நிலத்தில்தான். அடித்தளம் தனி, கல்லறை தனி, கோயில் தனி, சுற்றுலாக் கோட்டை தனி என்று துண்டு துண்டாகப் பார்த்தால் போர்க்களம் கண்ணுக்கே தெரியாது. பீரங்கி எங்கே நின்றது, உடைப்பு எந்தப் பக்கம், செத்தவனை எவ்வளவு தூரம் தூக்கிப் போனார்கள் என்று ஒரு பிள்ளை நடந்து பார்த்துப் புரிந்துகொள்ள வேண்டும். அதற்கு முழு நிலமும் ஒரே களமாகக் காக்கப்பட வேண்டும்; கல்லறையும் சேர்த்து.

சரி, கதைக்கு வருவோம். மே 24, சாயங்காலம். கோட்டையிலிருந்து வெட்டிக்கொண்டு வெளியேறிய கூட்டத்தைக் குதிரைப்படை துரத்துகிறது. காயம்பட்ட ஊமைத்துரை சில மைல் தள்ளி ஒரு சிற்றூரின் அருகே பிணங்களுக்கு நடுவே விழுந்து கிடக்கிறார்.

மகனைத் தேடி ஒரு தாய் அங்கே வருகிறாள். மகன் கிடைக்கிறான், குற்றுயிராக. தூக்கப் போனவளிடம் அவன், தன்னை விட்டுவிட்டுப் பக்கத்தில் கிடக்கும் சாமியைக் காப்பாற்றச் சொல்கிறான். சாமி என்றால் ஊமைத்துரை. பெற்ற மகனை அங்கேயே விட்டுவிட்டு, மற்றப் பெண்களோடு சேர்ந்து ஊமைத்துரையைத் தன் வீட்டுக்குத் தூக்கி வந்தாள்.

பின்னாலேயே எட்டயபுரத்து ஆட்கள் வந்துவிட்டார்கள். கும்பினியின் தோழர்கள், ஊமைத்துரை பிடிபட்டால் பெரிய வெகுமதி நிச்சயம். வீட்டின் பின்வாசல் வழியாகத் தூக்கிப்போக நேரமில்லை. தலை முதல் கால் வரை ஒரு துணியை இழுத்து மூடிவிட்டு, பெண்கள் எல்லோரும் ஓவென்று ஒப்பாரி வைத்தார்கள். ஈட்டியோடு வாசலில் ஏறியவன் துணியை விலக்கக் கை நீட்டுகிறான். அந்தத் தாய் அவனைப் பார்த்து ஒரு பொய் சொன்னாள். சிறையில் ஊமைத்துரையின் விலங்கைக் கழற்ற வைத்தது எதுவோ, அதையே பொய்யாக்கிச் சொன்னாள்.

நீட்டிய கை என்ன ஆயிற்று?

(அடுத்த வாரம்)