வார நாளில் விளம்பரம், வாரக் கடைசியில் மைக்

ஆபீஸ் வேலை ஒரு பக்கம், மனசுக்குப் பிடித்த வேலை இன்னொரு பக்கம். ஊரை விட்டு வந்து பிழைக்கிற நம்மில் பாதிப் பேருக்கு இதுதானே கதை? இங்கே புனேயில் கூட வேலை பார்க்கிற நண்பர்கள் "இனிமே என்னத்த, வயசாயிடுச்சு" என்று புலம்பும்போதெல்லாம் நான் முர்ரே வாக்கர் கதையைத்தான் எடுத்து விடுவேன்.

ஃபார்முலா ஒன் கார்ப் பந்தயத்துக்கு இங்கிலாந்தின் குரல் என்றால் அது இவர்தான். 1923ல் பர்மிங்காமில் பிறந்தவர். அப்பா கிரஹாம் வாக்கர் பெரிய மோட்டார் சைக்கிள் பந்தய வீரர். 1931ல் ஐல் ஆஃப் மேன் பந்தயத்தில் ஜெயித்தவர். பிறகு பிபிசி வர்ணனையாளர் ஆனார். மகன் இரண்டாம் உலகப் போரில் டாங்கிப் படையில் இருந்துவிட்டு வந்து, கொஞ்ச நாள் பைக் பந்தயமும் ஓட்டிப் பார்த்தார். சரிப்பட்டு வரவில்லை. 1949ல் சில்வர்ஸ்டோன் கிராண்ட் ப்ரீயை வானொலியில் வர்ணித்தார். 1962ல் அப்பா இறக்கும்வரை, பைக் பந்தயங்களுக்கு அப்பாவும் மகனும் சேர்ந்தே வர்ணனை.

ஆனால் சோறு போட்டது மைக் இல்லை, விளம்பரக் கம்பெனி வேலை. (மார்ஸ் சாக்லேட்டின் பிரபல விளம்பர வாசகம் இவர் எழுதியது என்பார்கள். இல்லை என்று அவரே சொல்லிவிட்டார்.) வாரம் முழுக்க ஆபீஸ், சனி ஞாயிறு பந்தய மைதானம். 1978 முதல் பிபிசி தொலைக்காட்சிக்காக ஃபார்முலா ஒன்னைத் தொடர்ந்து வர்ணிக்க ஆரம்பித்த பிறகும் வேலையை விடவில்லை. 1982ல்தான் விட்டார். அப்போது வயது 59! நம்மாட்கள் பி.எஃப். கணக்குப் பார்க்கிற வயசு.

1980ல் முன்னாள் சாம்பியன் ஜேம்ஸ் ஹன்ட் கூட வந்து சேர்ந்தார். இரண்டு பேருக்கும் ஒரே மைக்! இவர் நின்றுகொண்டே கத்துவார், அவர் சாவகாசமாகப் பேசுவார். 1993ல் ஹன்ட் 45 வயதிலேயே போய்விட்டார். அடுத்த வருஷம் மே 1, இமோலா. அயர்டன் சென்னாவின் கார் சுவரில் மோதியது. என்ன ஆனதென்று தெரியாத நிலையிலும், கோடிக்கணக்கானவர்களுக்கு நிதானமாகப் பேசிக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது.

எனக்கு மிகப் பிடித்தது 1996, சுசூகா. டேமன் ஹில் சாம்பியன் ஆகிறார். அவருடைய அப்பா கிரஹாம் ஹில்லும் இரண்டு முறை சாம்பியன். 1975ல் விமான விபத்தில் இறந்தவர். தொண்டையை அடைக்கிறது, நிறுத்திக்கொள்கிறேன் என்று நேரலையிலேயே சொல்லிவிட்டார் வாக்கர். யூட்யூபில் கேட்டுப் பாருங்கள். அப்பா வழியில் வந்த ஒரு மகன், இன்னொரு மகனுக்காகத் தழுதழுத்தார் என்றுதான் எனக்குத் தோன்றும்.

2001ல் இண்டியனாபோலிஸ் பந்தயத்தோடு ஃபார்முலா ஒன் வர்ணனையிலிருந்து ஓய்வு பெற்றபோது வயது 77. 2021 மார்ச்சில், 97 வயதில் காலமானார்.

வேலையை உதறிவிட்டு ஆசைப்பட்டதைச் செய் என்று அறிவுரை சொல்ல நிறையப் பேர் இருக்கிறார்கள். வீட்டு லோனும் பிள்ளைகள் ஃபீசும் கட்டுகிற நமக்கு அது எங்கே முடியும்? முப்பது வருஷத்துக்கு மேல் வாரக் கடைசியை மட்டும் விட்டுக்கொடுக்காமல் இருந்தாரே இந்த மனுஷன், அது நமக்கும் முடியும்தானே?