மோனா ஹதூம்: உடலும் மடலும்

பாலஸ்தீனத்தின் ஹைஃபா நகரை 1948இல் விட்டு வெளியேற நேர்ந்த குடும்பமொன்றில், 1952இல் பெய்ரூட்டில் பிறந்தவர் மோனா ஹதூம். லெபனானில் வாழ்ந்தும் அந்நாட்டு அடையாள அட்டை அக்குடும்பத்திற்குக் கிட்டவில்லை. தந்தை பிரிட்டிஷ் தூதரகத்தில் பணியாற்றியமையால் கிடைத்த கடவுச்சீட்டே கையிலிருந்தது. 1975இல் சிறிது காலம் தங்கும் எண்ணத்துடன் இலண்டன் சென்றார் ஹதூம். அவ்வேளையில் லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. திரும்பும் வழி அடைபட்டது. பெற்றோர் இழந்த ஊர் ஒன்று, மகள் இழந்த ஊர் மற்றொன்று.

இலண்டனில் ஓவியக் கல்வி முடித்த அவர் நிகழ்த்துகலையைத் தேர்ந்தார். ஊரிழந்தவரிடம் எஞ்சுவது உடல் ஒன்றே என்பதால் அக்கலை பொருந்திற்று போலும். 1982இல் 'முற்றுகையில்' என்னும் நிகழ்வில், ஒளிபுகும் பெட்டிக்குள் உடலெங்கும் களிமண் படிய நின்று, வழுக்கி விழுந்தும் மீண்டும் எழுந்தும் ஏழு மணி நேரம் போராடினார். இஸ்ரேலியப் படைகள் லெபனானுள் புகுந்தது அதன் பின்னர், அவ்வாண்டு ஜூன் மாதத்தில். 1985இல், 1981ஆம் ஆண்டுக் கலவரத்தின் வடு ஆறாத பிரிக்ஸ்டன் தெருக்களில், காவலர் அணியும் வகைக் கனத்த காலணிகளைக் கணுக்காலில் கட்டி இழுத்தபடி வெறுங்காலுடன் நடந்தார். தன்னை ஒருவர் பின்தொடர்வது அவளுக்குத் தெரியுமா என்று வழிப்போக்கர் வேடிக்கையாகக் கேட்டனராம். திறனாய்வாளர் உரைகளினும் அவ்வினா கூர்மையானது.

எனினும், ஹதூமின் படைப்புகளுள் வரலாற்று ஆவணம் என்று சொல்லத் தக்கது 1988இல் வெளிவந்த பதினைந்து நிமிட ஒளிநாடாவே. 'தொலைவின் அளவுகள்' என்பது அதன் பெயர். 1981இல் பெய்ரூட் சென்றபோது, நீராடும் தாயைத் தாயின் இசைவுடன் எடுத்த நிழற்படங்கள் அதில் வருகின்றன. அவற்றின்மேல் தாய் எழுதிய மடல்களின் அரபு வரிகள் முள்வேலிபோல் படர்கின்றன. பின்னணியில் இருவரும் அரபு மொழியில் பேசிச் சிரிக்கும் ஒலி. அதற்கு மேலாக, அம்மடல்களை ஆங்கிலத்தில் படிக்கும் மகளின் துயர்தோய்ந்த குரல். படமெடுத்ததைத் தந்தை விரும்பவில்லை; பயன்படுத்திக்கொள், அவரிடம் மட்டும் சொல்லாதே என்கிறாள் தாய். 1948இன் இழப்பும் இத்தகைய வீட்டுப் பேச்சின் நடுவேதான் வருகிறது. அறிக்கைகள் கூறாத வரலாறு இது. இறுதி மடலில், கார்க் குண்டினால் அஞ்சலகம் அழிந்த செய்தி வருகிறது.

இதன்பின் அவர் உடலை விட்டுப் பொருள்களை நாடினார். அதனால் அரசியலையும் கைவிட்டார் என்போர் 1996ஆம் ஆண்டு ஜெருசலேம் படைப்பைக் கருதவேண்டும். நாப்லூஸ் நகரின் ஆலிவ் எண்ணெய்ச் சோப்புக் கட்டிகளைத் தரையில் பரப்பி, அவற்றில் சிவப்புக் கண்ணாடி மணிகளை அழுத்தி, ஆஸ்லோ உடன்படிக்கை வகுத்த நிலத்துண்டுகளின் எல்லைகளை வரைந்திருந்தார். சோப்பு கரைந்தால் எல்லைகளும் மறையும் என்பதற்காகவா இவ்வாறு வரைந்தீர்கள் என்று பார்வையாளர் ஒருவர் கேட்டதை ஹதூம் பின்னர் நினைவுகூர்ந்துள்ளார்.