டோனி ஹாரிசன் கவிதைகளில் மொழியும் வர்க்கமும்

ஆய்வுச் சுருக்கம்

இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் எழுதத் தொடங்கிய ஆங்கிலக் கவிஞர்களுள் டோனி ஹாரிசன் (1937–2025) இரு வகையில் தனித்து நிற்பவர். அவர் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்தவர். யாப்புக் கட்டு தளர்ந்திருந்த காலத்தில் மரபு யாப்பை விடாது கைக்கொண்டவர். இவ்விரண்டிற்கும் இடையிலான தொடர்பை இக்கட்டுரை ஆராய்கிறது. கல்வி வழங்கிய மொழியே அவரைப் பெற்றோரிடமிருந்து பிரித்தது என்பதும், அப்பிரிவே அவருடைய கவிதையின் மையப் பொருளாயிற்று என்பதும் இங்கு எடுத்துக்காட்டப்பெறுகின்றன.

திறவுச்சொற்கள்: டோனி ஹாரிசன், லீட்ஸ், வர்க்கம், வட்டார வழக்கு, யாப்பு, இரங்கற்பா.

முன்னுரை

இங்கிலாந்தில் ஒருவர் பேசத் தொடங்கிய அளவிலேயே அவருடைய ஊரும் குடும்ப நிலையும் கேட்பவருக்குப் புலப்பட்டுவிடும் நிலை நெடுங்காலமாக இருந்துவந்துள்ளது. தென்பகுதி மேல்தட்டினரின் உச்சரிப்பு, பள்ளிகளிலும் வானொலியிலும் தரமான ஆங்கிலமாக ஏற்கப்பட்டது. வடபகுதித் தொழில் நகரங்களின் பேச்சோ நகைப்பிற்குரியதாகக் கருதப்பட்டது. இச்சூழலில் கவிதை யாருடைய குரலில் ஒலிக்க வேண்டும் என்னும் வினா, இலக்கிய வினாவாக மட்டுமன்றிச் சமூக வினாவாகவும் அமைகிறது. ஹாரிசனின் படைப்புகள் அவ்வினாவிலிருந்து பிறந்தவை.

வாழ்க்கைப் பின்புலம்

ஹாரிசன் 1937 ஏப்ரல் 30 அன்று லீட்ஸ் நகரில் பிறந்தார். பீஸ்டன் பகுதியில் வளர்ந்தார். தந்தை அடுமனைத் தொழிலாளி. இடைநிலைக் கல்வியைக் கட்டணமின்றி வழங்க வகைசெய்த 1944ஆம் ஆண்டுக் கல்விச் சட்டம், உழைக்கும் குடும்பங்களின் பிள்ளைகளுக்குப் புதிய வாயிலைத் திறந்தது. அத்தலைமுறையைச் சேர்ந்த ஹாரிசன் பதினொன்றாம் வயதில் உதவித்தொகை பெற்று லீட்ஸ் கிராமர் பள்ளியில் சேர்ந்தார். பின்னர் லீட்ஸ் பல்கலைக்கழகத்தில் கிரேக்க, இலத்தீன் இலக்கியங்களைப் பயின்றார்.

இவ்வாறு மேலெழுந்த மாணவனின் மனநிலையை, அதே நகரில் பிறந்த ரிச்சர்டு ஹாகர்ட் 1957இல் வெளியிட்ட 'எழுத்தறிவின் பயன்கள்' என்னும் நூலில் ஆராய்ந்துள்ளார். பிறந்த வீட்டிற்கும் சேர்ந்த இடத்திற்கும் முழுமையாக உரியவனாகாமல் இடையில் நிற்பவனே உதவித்தொகை மாணவன் என்பது அவர் கண்ட முடிவு. ஹாரிசன் தம் கவிதையொன்றை ஹாகர்ட்டுக்கு உரிமையாக்கியது இவ்வுறவை உணர்த்துகிறது.

1962 முதல் 1966 வரை நைஜீரியாவின் சாரியா நகரிலுள்ள அகமது பெல்லோ பல்கலைக்கழகத்தில் ஹாரிசன் பணியாற்றினார். அங்கு ஜேம்ஸ் சிம்மன்ஸ் என்னும் ஐரியக் கவிஞருடன் இணைந்து, அரிஸ்டோபனீசின் 'லிசிஸ்டிராட்டா' நாடகத்தை நைஜீரியச் சூழலுக்கேற்ப மாற்றியமைத்தார். அடுத்து ஓராண்டு பிராகு நகரில் கற்பித்தார். 1970இல் வெளிவந்த 'லாய்னர்கள்' தொகுப்பு இவ்வனுபவங்களையும் லீட்ஸ் நகர வாழ்வையும் இணைத்தது. 'லாய்னர்' என்பது லீட்ஸ்வாசிகளைக் குறிக்கும் வழக்குச்சொல். இத்தொகுப்பு 1972இல் ஜெஃப்ரி ஃபேபர் நினைவுப் பரிசைப் பெற்றது. எனினும் இதிலிருந்த வெளிப்படையான பாலியல் சொற்கள் கவிஞரின் தாயை வருத்தின. நூலால் பெற்ற புகழும் நூலால் நேர்ந்த விலகலும் ஒருங்கே தொடங்கின எனலாம்.

நாவன்மைப் பள்ளி

1978இல் வெளிவரத் தொடங்கிய 'நாவன்மைப் பள்ளி' என்னும் கவிதைத் தொடர், ஹாரிசனின் தலையாய ஆக்கங்களுள் ஒன்று. இத்தலைப்பு, இ. பி. தாம்சனின் 'ஆங்கிலத் தொழிலாளர் வர்க்கத்தின் உருவாக்கம்' (1963) என்னும் வரலாற்று நூலிலிருந்து பெறப்பட்டது. 1799இல் தடைசெய்யப்பட்ட இலண்டன் கடிதத் தொடர்புச் சங்கத்தின் மறைவுப் பெயர்களுள் இதுவும் ஒன்றாக இருக்கலாம் என்கிறார் தாம்சன். பேச்சுரிமை மறுக்கப்பட்டோர் பேச்சுக்கலையின் பெயரிலேயே ஒளிந்துகொண்ட வரலாற்றைத் தலைப்பு நினைவூட்டுகிறது.

இத்தொடரின் 'மில்டனாக இல்லாமை' பற்றிய கவிதை, மொசாம்பிக் விடுதலை இயக்கத்தினர் இருவருக்கு உரிமையாக்கப்பட்டது. இயந்திரங்களை உடைத்த லுட்டைட் தொழிலாளர்களின் சம்மட்டி இதில் இடம்பெறுகிறது. அச்சம்மட்டிக்கு ஈனாக்கு என்று பெயர். இயந்திரங்களைச் செய்த கொல்லரே சம்மட்டியையும் செய்தமையால் அவர் பெயரே அதற்கு வழங்கிற்று. மேல்தட்டு இலக்கியத்தின் யாப்பைக்கொண்டே அதன் ஏகபோகத்தைத் தகர்க்க முற்படும் ஹாரிசனின் நெறிக்கு இதனினும் பொருத்தமான உருவகம் அரிது.

யாப்பிலும் இந்நெறியைக் காணலாம். பதினான்கடிச் சானட்டுக்கு மாறாக, ஜார்ஜ் மெரிடித் 1862இல் கையாண்ட பதினாறடி வடிவத்தை அவர் மேற்கொண்டார். இயைபு பிறழாத அடிகளுக்குள் தந்தையின் வட்டாரப் பேச்சு அப்படியே வந்தமர்கிறது.

'அவர்களும் நாமும்' எனப் பொருள்படும் கவிதை, கீட்சின் பாடலை லீட்ஸ் உச்சரிப்பில் படித்த மாணவனை ஆசிரியர் தடுத்து நிறுத்தியதைப் பேசுகிறது. அம்மாணவனுக்கு 'மேக்பெத்' நாடகத்தில் குடிகார வாயிற்காவலன் வேடமே கிடைக்கிறது. இதற்கு ஹாரிசன் தரும் விடை மொழி வரலாற்றிலிருந்து எழுகிறது. கீட்சு இலண்டன் எளிய மக்களின் உச்சரிப்பைக் கொண்டவர். வேர்ட்ஸ்வொர்த்தின் சில இயைபுகள் வடபுல ஒலிப்பிலேயே பொருந்துவன. ஆகவே, விலக்கப்பட்ட ஒலிப்பு மரபிற்குப் புறம்பானது அன்று. மரபின் உள்ளேயே இருந்தது என்பது பெறப்படுகிறது.

பெற்றோர் குறித்த கவிதைகள்

கல்வியால் விளைந்த இழப்பைப் பெற்றோர் குறித்த கவிதைகள் காட்டுகின்றன. தாய் இறந்த இரவில் தந்தையும் மகனும் பேச்சின்றி அமர்ந்திருப்பதை அவற்றுள் ஒன்று சித்திரிக்கிறது. அவர்களைப் பிரித்து நிறுத்துவது வயது வேறுபாடு அன்று; மகன் கற்ற கல்வியே. தாயின் கல்லறையில் பொறிக்க ஏற்ற சில சொற்களைக் கவிஞனான மகனால் தர இயலவில்லை. இங்கு நாவன்மை தோற்கிறது. சொல்வன்மையை வென்றெடுத்த கதையாக மட்டும் ஹாரிசனைப் படிப்பது முழுமையன்று என்பதற்கு இக்கவிதைகளே சான்று.

'வி.' என்னும் நெடுங்கவிதை

1984 மார்ச்சு முதல் ஏறத்தாழ ஓராண்டு நீடித்த சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தின்போது எழுதப்பட்டது 'வி.'. லீட்ஸ் யுனைடெட் கால்பந்துத் திடலை நோக்கிய மேட்டிலுள்ள கல்லறைத் தோட்டத்தில், பெற்றோரின் கல்லறை மீது வண்ணத் தெளிப்பானால் எழுதப்பட்டிருந்ததைக் கவிஞர் காண்கிறார். அச்சொல் 'யுனைடெட்'. அது அணியின் பெயர். 'ஒன்றுபட்ட' என்பதும் அதன் பொருள். தலைப்பெழுத்து இரு அணிகளின் மோதலையும், வெற்றியையும், கவிதையடிகளையும் ஒருசேரக் குறிக்கிறது.

தாமஸ் கிரேயின் புகழ்பெற்ற கல்லறை இரங்கற்பாவின் (1751) நாலடி யாப்பையே ஹாரிசன் ஆள்கிறார். எழுத்தறிவற்ற ஏழைகளின் திறன் மண்ணில் மறைந்ததற்குக் கிரே இரங்கினார். அவ்வேழைகளின் வழித்தோன்றல் எழுத்தறிவு பெற்று அதே யாப்பில் பேசும்போது, வேலையற்ற இளைஞனொருவன் வசைமொழியில் அவரை இடைமறிக்கிறான். வாதத்தின் இறுதியில் அவ்விளைஞன் எழுதும் பெயர் கவிஞரின் பெயராகவே அமைகிறது. எதிரி புறத்தில் இல்லை. கல்வி கிட்டாதிருந்தால் தாமும் அவனே என்னும் உணர்வு இங்கு உச்சம் பெறுகிறது.

ரிச்சர்டு ஐர் இயக்கத்தில் 1987 நவம்பரில் நான்காம் அலைவரிசை இதை ஒளிபரப்பியது. வசைச்சொற்களுக்காக நாளிதழ்களும் கன்சர்வேட்டிவ் உறுப்பினர் சிலரும் கண்டித்தனர். அச்சொற்களை யார், எந்நிலையில் பேசினர் என்பதைவிடச் சொற்களே பெரிதாயின. எவருடைய பேச்சு கவிதைக்குத் தகும் என்ற பள்ளிக்கால வினா நாடளாவிய விவாதமாக மீண்டது.

மேடைப் படைப்புகள்

தேசிய நாடக அரங்கிற்காக ஹாரிசன் செய்த ஆக்கங்களும் இந்நோக்கின் விரிவே. 1985இல் 'மறைபொருள் நாடகங்கள்' வடபுல வழக்கிலேயே நிகழ்த்தப்பட்டன; இடைக்காலத்தில் அவற்றை நடித்த கைவினைஞர்களின் குரல் மீட்கப்பட்டது. 1988இல் டெல்பியில் அரங்கேறிய 'ஆக்சிரிங்கசின் தேடுநர்கள்', எகிப்தியப் பாப்பிரசுத் துணுக்குகளாகக் கிடைத்த சோபக்ளீசின் சாட்டர் நாடகத்தை அடிப்படையாகக் கொண்டது. உயர்கலையிலிருந்து விலக்கப்பட்டோரின் உருவகமாகச் சாட்டர்கள் அதில் நிற்கின்றனர்.

முடிவுரை

ஹாரிசனின் மரபு யாப்புப் பற்று பழமைப் பற்று அன்று. தமக்கு மறுக்கப்பட்ட உடைமையைக் கைப்பற்றி, அதில் தம் மக்களின் பேச்சைக் குடியமர்த்திய செயலே அது. எனினும் அவ்வெற்றியின் விலையை அவர் மறைத்தாரில்லை. யாருக்காகப் பேசினாரோ அவர்களுடன் பேச இயலாமற்போன துயரமே அவர் கவிதையின் ஆழ்ந்த குரல். கல்வியால் ஒரே தலைமுறையில் வர்க்கம் மாறிய சமூகங்களின் இலக்கியத்தை ஆராய்வோர்க்கு இக்கவிதைகள் இன்றியமையாச் சான்றுகளாகும்.